மாயப் பள்ளிக்குக் கட்டணம் எவ்வளவு?

அன்புள்ள தங்கைக்கு,

நீ அனுப்பிய முதல் ஐந்து அத்தியாயங்களையும் படித்துவிட்டேன். ஒருமையில் எழுதுவதற்குக் கோபித்துக்கொள்ள மாட்டாய் என்று நினைக்கிறேன். பத்திரிகை மேசையில் நரைத்த தலைக்கு அந்தச் சலுகை உண்டு. நடை நன்றாக இருக்கிறது. சொல்லை வீணாக்காமல் எழுதுகிறாய். ஊரெல்லாம் மழை கொட்டும்போது உன் மாயக்கலைக் கழகத்தின் கூரை மட்டும் நனையாமல் இருக்கிறது, அதைக் கவனித்த ஒரே ஆள் பால்காரர் என்று வருகிற இடம் எனக்கு மிகவும் பிடித்தது. உனக்குக் கதை எழுத வரும். அதில் சந்தேகமே இல்லை.

உனக்குத் தனியாக எழுதாமல் இதை வெளிப்படையாக எழுதுவதற்குக் காரணம் உண்டு. மாயப் பள்ளிக் கதை எழுதுகிற இளைஞர்கள் பெருகிவிட்டார்கள். கைப்பிரதிகள் வந்துகொண்டே இருக்கின்றன. குறையும் பெரும்பாலும் ஒன்றேதான். உன்னுடையதை வைத்துப் பேசினால் எல்லோருக்கும் ஆகும். பெயரைச் சொல்லப் போவதில்லை, பயப்படாதே.

குறை இது: ஐந்து அத்தியாயங்களில் உன் மாயக்கலைக் கழகத்தில் ஒருவரும் ஒன்றும் கற்றுக்கொள்ளவில்லை. மணி அடிக்கிறது. ஆசிரியர் வருகிறார், கோலை உயர்த்துகிறார், நெருப்பு வருகிறது. உன் நாயகி கையை உயர்த்துகிறாள், அதைவிடப் பெரிய நெருப்பு வருகிறது. வகுப்பே வாயைப் பிளக்கிறது. மறுபடி மணி. நேற்றுத் தெரியாத எது அவளுக்கு இன்று தெரிந்தது? அது தெரிவதற்கு என்ன பாடுபட்டாள்? எதைக் கொடுத்தாள்? பள்ளிக்கூடம் என்று பலகை மாட்டிய வாணவேடிக்கைத் திடலாக இருக்கிறது உன் கழகம்.

முதலில் கட்டடத்தைப் பேசிவிடலாம். கற்கோட்டை, கூர்ங்கோபுரம், கறுப்பு அங்கி, நான்கு இல்லங்கள், இல்லங்களுக்குள் புள்ளிப் போட்டி, மெழுகுவத்தி எரியும் நீண்ட உணவுக்கூடம். இவை எங்கிருந்து வந்தன என்று உனக்கும் தெரியும், எனக்கும் தெரியும். எடுத்துக்கொள்வதில் குற்றமில்லை, என்ன எடுக்கிறோம் என்று தெரிந்து எடுக்க வேண்டும். தாமஸ் ஹியூஸ் 1857இல் ரக்பி பள்ளியை வைத்து 'டாம் பிரவுன்ஸ் ஸ்கூல் டேஸ்' எழுதினார். அந்தத் தடத்தில் விடுதிப் பள்ளிக் கதை என்றே ஒரு வகை இங்கிலாந்தில் வளர்ந்தது. சின்னவனை மிரட்டும் மூத்த மாணவன், உயிர்த்தோழன், கண்டிப்பான தலைமையாசிரியர், கடைசியில் ஆட்டத்தில் வெற்றி. எனிட் பிளைட்டன் சிறுமிகளின் விடுதியை வைத்து அதை எழுதினார். ஜில் மர்ஃபி 1974இல் அந்த விடுதியில் சூனியக்காரச் சிறுமிகளைச் சேர்த்தார். 1997இல் ரோலிங் வந்தார். ஆங்கில வாசகருக்கு ரோலிங்கின் ஹாக்வார்ட்ஸ் பள்ளியின் இல்லங்களும் ரயிலும் கோப்பையும் தாத்தா காலத்து மரச்சாமான்கள். அவற்றின்மேல் மந்திரம் ஏறி உட்கார்ந்ததுதான் அவருக்குப் புதுமை. நம்மில் பலர் அந்த மரச்சாமான்களையே முதன்முதலாக அந்தக் கதையில்தான் பார்த்தோம். அதனால் சாமானையே மந்திரம் என்று நம்பிவிட்டோம். மலையடிவாரத்தில் நீ கட்டியிருக்கும் கோட்டை ஒரு பொருட்டாகவே மனதில் நிற்கவில்லை; அந்தப் பால்காரர் நிற்கிறார். யோசித்துப் பார்.

விடுதிக் கதைகளுக்கு வெகுகாலம் முன்பே ஐரோப்பிய நாட்டுப்புறக் கதைகளில் மாயப் பள்ளிகள் இருந்தன. ஐஸ்லாந்தில் ஸேமுந்துர் என்று ஒரு பாதிரியார் இருந்தார்; 1056 முதல் 1133 வரை வாழ்ந்த உண்மையான மனிதர், வெளிநாடு போய்ப் படித்துத் திரும்பிய அறிஞர். ஊர் அவரைச் சும்மா விடுமா? அவர் படித்தது 'கறுப்புப் பள்ளி'யில் என்று கதை கட்டிவிட்டது. அந்தப் பள்ளிக்குச் சன்னல் கிடையாது. உள்ளே எப்போதும் இருட்டு. புத்தகத்தின் எழுத்துகள் நெருப்பாக எரியும், அந்த வெளிச்சத்திலேயே படித்துக்கொள்ள வேண்டும். ஆசிரியர் முகத்தை ஒருவரும் பார்த்ததில்லை. மயிரடர்ந்த சாம்பல் நிறக் கை ஒன்று நாள்தோறும் சுவரிலிருந்து நீண்டு சாப்பாடு கொடுக்கும். ஆண்டுக்கணக்கில் வெளியே வர முடியாது. படிப்பு முடிந்து வெளியேறும்போது யார் கடைசியாக வாசலைத் தாண்டுகிறானோ அவன் சாத்தானுக்கு. ஸேமுந்துர் தானாக முன்வந்து கடைசியில் நின்றார். மேலங்கியைக் கையில் நுழைக்காமல் தோளில் சும்மா போட்டுக்கொண்டார். சாத்தான் எட்டிப் பிடித்தபோது அங்கி மட்டும் கையோடு போயிற்று. இன்னொரு வடிவத்தில், வாசலில் வெயில் அடிக்க அவர் நிழல் சுவரில் விழுகிறது. எனக்குப் பின்னால் ஒருவன் வருகிறானே, அவனைப் பிடித்துக்கொள் என்கிறார். சாத்தான் நிழலைப் பிடித்து வைத்துக்கொள்கிறான். அதன் பிறகு சாகும்வரை அவருக்கு நிழலே விழவில்லை.

ஸ்பெயினில் சலமாங்கா நகரத்துக் குகைக்கும் இதே போன்ற கதை உண்டு: ஏழு மாணவர்கள், ஏழு ஆண்டுகள், கடைசியில் ஒருவன் அங்கேயே தங்கிக் கடனைத் தீர்க்க வேண்டும். டிரான்சில்வேனியா மலைகளில் சாத்தான் நடத்தும் பள்ளியைப் பற்றி எமிலி ஜெரார்டு 1885இல் எழுதினார். அங்கே பத்துப் பேர் படிப்பார்கள், ஒன்பது பேர் வீடு திரும்புவார்கள். பத்தாமவனைப் பள்ளி வைத்துக்கொள்ளும். பிராம் ஸ்டோக்கர் 1897இல் வெளிவந்த 'டிராகுலா'வில் அந்தப் பள்ளியைப் பயன்படுத்திக்கொண்டார்.

இந்தக் கதைகளைச் சொன்னவர்கள் வித்தையை வருணிக்க மெனக்கெடவே இல்லை. ஸேமுந்துர் அங்கே என்ன மந்திரம் படித்தார் என்பது கதைக்கு இரண்டாம்பட்சம். அவர்களுக்கு நினைவில் நின்றது கட்டணம். படிப்பு என்று ஒரு பிள்ளை ஊரைவிட்டுப் போனால் போனவன் முழுசாகத் திரும்புவதில்லை, எதையோ அங்கே விட்டுவிட்டுத்தான் வருகிறான் என்று அந்தக் குடியானவர்கள் பார்த்திருக்க வேண்டும். முதல் தலைமுறைப் பட்டதாரி இருக்கிற எந்த வீட்டிலும் கேட்டுப் பார், இதையே சொல்வார்கள். உன் கழகம் என்ன வாங்கிக்கொள்கிறது? அதைத்தான் முதலில் தீர்மானிக்கச் சொல்கிறேன். பணமானாலும் சரி, நிழலானாலும் சரி. ஒன்றுமே வாங்காமல் வித்தை கொடுக்கிற இடத்தை வாசகர் நம்பமாட்டார். கதையிலும்தான்.

சரி, பாடத்துக்கு வருகிறேன். மாயப் பள்ளியில் பாடம் என்றால் என்ன என்று தெரிந்துகொள்ள நான் எல்லோரிடமும் கொடுப்பது உர்சுலா லெ குவின் 1968இல் எழுதிய 'எ விசர்ட் ஆஃப் எர்த்ஸீ' என்ற சிறிய நாவல். ரோலிங்கின் முதல் புத்தகத்துக்கு முப்பது ஆண்டுக்குச் சற்றுக் குறைய முந்தியது. கெட் என்ற ஆடு மேய்த்த பையன் ரோக் என்ற தீவிலிருக்கும் மந்திரப் பள்ளிக்குப் போகிறான். போவதற்கு முன் ஓகியன் என்ற முதியவரிடம் சில காலம் இருக்கிறான். அவர் அதிகம் பேசாதவர். காடு மேடெல்லாம் நடத்திக் கூட்டிப்போகிறார், மழை வந்தால் நனையவிடுகிறார், மூலிகையைக் காட்டி அது என்னவென்று கேட்கிறார். பாடம் எப்போது ஆரம்பமாகும் என்று பையன் பொறுமையிழந்து கேட்க, அது ஆரம்பித்து நாளாயிற்று என்கிற மாதிரி பதில் வருகிறது. பையனுக்குப் பிடிபடவில்லை. ஆற்றல் வேண்டும், உடனே வேண்டும் என்று ரோக்குக்குக் கப்பலேறுகிறான்.

ரோக்கில் ஒன்பது ஆசான்கள். ஒருவர் காற்றுக்கு, ஒருவர் மூலிகைக்கு, ஒருவர் பாட்டுக்கு, ஒருவர் வாசலுக்கு என்று ஆளுக்கொரு துறை. கண்கட்டு வித்தைக்கு உள்ள ஆசான் ஒரு கூழாங்கல்லை உள்ளங்கையில் வைத்து வைரமாக்கிக் காட்டுகிறார். கெட்டுக்கு அந்த வைரம் வைரமாகவே நிற்க வேண்டும். அதற்கு என்ன வழி என்கிறான். இங்கேதான் லெ குவின் பாடம் நடத்துகிறார். கல்லின் தோற்றத்தை மாற்றுவது எளிது. கல்லையே மாற்ற வேண்டுமானால் அதன் உண்மைப் பெயரை மாற்ற வேண்டும். ஒரு கல் மாறினாலும் உலகத்தின் கணக்கு மாறும். அதனால் விளைகிற நன்மை தீமை தெரியாமல் அதில் கைவைக்கக் கூடாது என்று ஆசான் விளக்குகிறார். கல் மறுபடி கல்லாகக் கிடக்கிறது. அந்தக் காட்சியில் வெடியில்லை, மின்னலில்லை. ஒரு கையகலக் கல், கேள்வி கேட்கிற பையன், பொறுமையாகப் பதில் சொல்லும் பெரியவர், அவ்வளவே. ஆனால் நாவல் முழுவதும் நடக்கப்போகிற விபரீதத்துக்கு விதை அந்த வகுப்பில்தான் விழுகிறது.

தனிக் கோபுரத்தில் பெயர்களைச் சொல்லிக்கொடுக்கும் ஆசானின் வகுப்பு இன்னும் கடுமை. ஒரு கடலின் பெயர் தெரிந்தால் போதாது. அதிலுள்ள ஒவ்வொரு துறையின், ஒவ்வொரு முனையின், ஒவ்வொரு பாறையின் பெயரும் தெரிய வேண்டும். பட்டியலை எழுதிக் கொடுத்துவிடுவார். நள்ளிரவில் மை தானாக அழிந்துவிடும். அதற்குள் மனப்பாடம் ஆகாவிட்டால் போனது போனதுதான். தேர்வுக்கு முந்தின ராத்திரி நாமெல்லாம் பட்ட பாடு இதுவல்லாமல் வேறென்ன? மாயம் என்று பார்த்தால் மை அழிவது ஒன்றுதான். மற்றதெல்லாம் உழைப்பு. உன் கழகத்தில் மையெல்லாம் ஒளிர்கிறது, ஆனால் ஒரு பிள்ளையும் உருப்போடவில்லை.

நுழைவுத் தேர்வையும் வெளியேறும் தேர்வையும் பார். உள்ளே நுழைய வேண்டுமானால் வாசல் காப்பவரிடம் தன் உண்மைப் பெயரைச் சொல்ல வேண்டும். அந்த உலகத்தில் உண்மைப் பெயரைச் சொல்வதென்றால் உயிரைக் கையில் கொடுப்பதற்குச் சமம். எல்லாம் முடித்து வெளியேற வேண்டுமானால் அதே வாசல் காப்பவரின் பெயரைக் கண்டுபிடித்துச் சொல்ல வேண்டும். மந்திரத்தால் அதைப் பிடுங்க முடியாது என்று கெட்டுக்குப் புரிந்துவிடுகிறது. நாளெல்லாம் யோசித்துவிட்டுப் போய், உங்கள் பெயர் என்ன என்று பணிவாகக் கேட்கிறான். அவரும் சொல்லிவிடுகிறார். பல ஆண்டுப் படிப்பின் கடைசித் தாள் அது. பிடுங்கிப் பழகிய பையனுக்குக் கேட்கத் தெரிந்துவிட்டது. நடுவில் அவன் கொடுத்த விலையோ பெரிது: சவாலுக்குச் சவால் என்று செத்தவளின் ஆவியை அழைக்கப் போய், கூடவே ஒரு கருநிழலை உலகத்துக்குள் விட்டுவிடுகிறான், முகத்தில் ஆறாத தழும்பு, அவனைக் காப்பாற்றப் போய்ப் பள்ளியின் தலைவர் உயிரை விடுகிறார். உன் ஐந்து அத்தியாயங்களில் ஒரு பிள்ளைக்குச் சளிகூடப் பிடிக்கவில்லை.

லெ குவினைப் போல எழுது என்று நான் சொல்லவில்லை. அவர் பாடத்தை எப்படி நடத்துகிறார் என்பதைப் பார்த்துக்கொண்டு நம் ஊர்ப் பாடத்தை எழுது என்கிறேன். நம்மிடம் குருவுக்கும் சீடனுக்கும் பஞ்சமா? உ.வே. சாமிநாதையர் 1871இல் மாயூரத்தில் மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் சேர்ந்தார். 'என் சரித்திர'த்தில் வருகிற ஒரு சம்பவத்தை மட்டும் சொல்கிறேன். பிள்ளையவர்கள் தம் வீட்டுத் தோட்டத்தில் புதிதாக வைத்திருந்த மரங்கள் துளிர்க்கின்றனவா என்று காலையில் போய்ப் பார்ப்பார். ஒரு தளிர் கண்ணில் பட்டால் அவருக்கு மகிழ்ச்சி தாங்காது. ஆசிரியரின் பார்வை தன்மேல் இன்னும் நன்றாக விழவில்லையே என்று தவித்துக்கொண்டிருந்த புது மாணவன் இதைக் கண்டுகொண்டான். அவருக்கு முன்பே எழுந்து போய் எந்தக் கிளையில் புதுத் தளிர் விட்டிருக்கிறது என்று தேடி வைத்துக்கொண்டு, அவர் வந்ததும் காட்டுவான். அதில் பேச்சு வளர்ந்தது, அன்பு வளர்ந்தது, பிறகு பாடமும் வளர்ந்தது. மந்திரம் ஒன்றும் இல்லாத இந்தக் காட்சியைத் தூக்கி அப்படியே ஒரு மாயக் கழகத்தில் வை. ஆசானின் கண் எதைத் தேடுகிறது என்று கண்டுபிடித்த மாணவிக்குத்தான் வித்தை கிடைக்கும். அவள் அதைக் கண்டுபிடிக்கிற விடிகாலை ஒன்று போதும், உன் இரண்டாம் அத்தியாயத்திலிருக்கும் மூன்று நெருப்பு மழைக்கும் அது ஈடு.

ஆசிரியர்களும் உன்னிடம் ஒரே அச்சு. எல்லோருக்கும் வெள்ளைத் தாடி, எல்லோருக்கும் மர்மப் புன்னகை. நன்னூலின் பொதுப்பாயிரத்தைப் புரட்டு. பவணந்தி முனிவர் ஆசிரியர் ஆகத் தகாதவர்களுக்கு உவமை சொல்லி வைத்திருக்கிறார். கழற்காய் போட்ட குடம்: போட்ட வரிசையில் வெளியே வராது, தான் கற்ற முறையில் சொல்லத் தெரியாதவர். மடல் அடர்ந்த பனை: ஏறிப் பறிக்க முடியாது, தானாக விழுந்தால் பொறுக்கிக்கொள்ளலாம். பருத்தி அடைத்த குண்டிகை: கொஞ்சம் கொஞ்சமாகத் திணித்தது, கொஞ்சம் கொஞ்சமாகத்தான் வெளியே வரும். முடத்தெங்கு: தண்ணீர் ஊற்றுகிறவன் ஒருவன், காய் விழுவது அடுத்தவன் தோட்டத்தில். நான்கு பாத்திரங்கள் தயார். அந்த முடத்தெங்கு ஆசானை நினைத்தாலே எனக்குக் கதை ஓடுகிறது. உன் நாயகி ஆண்டு முழுக்க அவருக்குக் கை கால் பிடித்துவிடுவாள். அவரோ வித்தையை எதிரிப் பையனுக்குச் சொல்லிக்கொடுப்பார், தாம் அப்படிச் செய்வது அவருக்கே தெரியாது. மாணவர் வகையையும் பவணந்தி முனிவர் விடவில்லை: அன்னம், பசு, மண், கிளி, ஓட்டைக்குடம், ஆடு, எருமை, நெய்யரி. உன் நான்கு இல்லங்களை எடுத்துவிட்டு இந்த எட்டையும் வைத்துப் பார். ஆடு வகை மாணவனை நான் மிகவும் விரும்புகிறேன். ஒரு செடியில் நிறைய மேய்ச்சல் இருக்கும்போதே அடுத்த செடிக்குத் தாவுகிறவன். பள்ளியில் எல்லா வித்தையிலும் முதல் பாடம் மட்டும் தெரிந்தவன் அவன் ஒருவனாகத்தான் இருப்பான்.

பாடத்திட்டத்துக்கும் வெளியே போக வேண்டாம். ஆய கலைகள் அறுபத்து நான்கு என்று வாய்ப்பாடாகச் சொல்கிறோம். பட்டியலை உட்கார்ந்து படிப்பவர்கள் குறைவு. பட்டியல்கள் சில வேறுபாட்டோடு கிடைக்கின்றன. நமக்குப் பழக்கமான பட்டியலில் எழுத்திலக்கணம், கணிதம், வைத்தியம், வீணை, மிருதங்கம், யானையின் இலக்கணம், குதிரையின் இலக்கணம், பொன்னையும் மணியையும் நிலத்தையும் சோதிப்பது எல்லாம் வருகின்றன; அதே மூச்சில் இரசவாதம், இந்திரசாலம், ஆகாய கமனம், பரகாயப் பிரவேசம், பிறர் கண்ணுக்குத் தெரியாமல் மறைகிற அதிரிசியம் ஆகியவையும் வருகின்றன. கணக்குக்கும் கூடு விட்டுக் கூடு பாய்வதற்கும் நடுவே ஒரு கோடுகூடக் கிடையாது. தம்பன வித்தைகள் ஒரு வரிசையாகவே நிற்கின்றன: நெருப்பைக் கட்டுவது, நீரைக் கட்டுவது, காற்றைக் கட்டுவது, பார்வையைக் கட்டுவது, பேச்சைக் கட்டுவது. பைபீலவாதம் என்று ஒன்று, பிற உயிர்களின் மொழியை அறிவது. நட்டம் என்றால் தொலைந்ததைக் கண்டறிவது. முட்டி என்றால் மூடிய கைக்குள் இருப்பதைச் சொல்வது.

இந்தக் கடைசி இரண்டில் மட்டும் ஒரு நாவல் இருக்கிறது. நட்டம் சொல்லிக்கொடுக்கிற பள்ளி உண்மையிலேயே ஒரு மலையடிவாரத்தில் இருந்தால் காலையில் அதன் வாசலில் யார் நிற்பார்கள்? மாடு காணாமல் போனவர், தாலிக்கொடி தொலைத்தவர், வீட்டைவிட்டுப் போன மகனைத் தேடும் தாய். வரிசை சாலைவரை நீளும். நடுவில் ஒரு டீக்கடை முளைக்கும். டோக்கன் கொடுக்க ஒருவர் வருவார். அவரிடம் முன்வரிசை டோக்கன் விலைக்குக் கிடைக்கும். மகனைத் தேடும் தாய்க்கு ஒரு முதலாண்டு மாணவி என்ன பதில் சொல்வாள்? இருக்கும் இடம் தெரிந்துவிட்டது, சொல்லக் கூடாத இடமாக இருக்கிறது, அப்போது? உன் கழகத்தைச் சுற்றி ஊரே இல்லை, பால்காரரைத் தவிர. அதனால்தான் அவர் மட்டும் உயிரோடு இருக்கிறார்.

சித்த மருத்துவத்தையும் ஒரு கண் பார். சித்தர் பாடல்கள் பரிபாஷையில் எழுதப்பட்டவை. மேலோட்டமாகப் படித்தால் வேறு பொருள், குரு வாய் திறந்து சொன்னால்தான் சரக்கின் உண்மையான பெயர் தெரியும். பரம்பரைக்குள் காதோடு காதாகப் போன அந்தக் கல்விக்கு 1964இல் பாளையங்கோட்டையில் அரசுக் கல்லூரி வந்தது. இன்று அது வருகைப்பதிவு, செய்முறைத் தேர்வு, உள்ளிருப்புப் பயிற்சி எல்லாம் சேர்த்து ஐந்தரை ஆண்டுப் பட்டப் படிப்பு. மறைத்து வைத்த வித்தை பாடநூலாகும்போது நிறையப் பேருக்குக் கிடைக்கிறது. குருவின் வாய்க்கு இருந்த அதிகாரம் போகிறது. இரண்டையும் நல்லது என்றோ கெட்டது என்றோ ஒரே சொல்லில் தள்ளிவிட முடியாது. உன் கழகத்தில் பழைய ஆசான் ஒருவர், தாம் இருபது ஆண்டு காலில் விழுந்து பெற்ற மந்திரம் நகலெடுக்கும் கடையில் பக்கத்துக்கு ஒரு ரூபாய்க்குக் கிடைப்பதைப் பார்த்தால் எப்படி இருக்கும் என்று நினைத்துப் பார். எனக்கு அவர்மேல் கோபமும் வரும், இரக்கமும் வரும்.

இப்போது உன் கதையிலேயே எனக்கு மிகவும் உறுத்திய இடம். கழகத்தில் சேர்க்கை எப்படி? ஏழு குடிகளின் இரத்தத்தில் மட்டும்தான் மந்திரம் ஓடும், அக்குடிகளில் பிறந்த பிள்ளையின் உள்ளங்கையில் சங்கு ரேகை இருக்கும், மற்றவர்களுக்கு எத்தனை படித்தாலும் வராது என்று எழுதியிருக்கிறாய். ஒரு வெகுளித்தனமான விதியாக, இரண்டே வரியில், யாரும் கேள்வி கேட்காமல். தங்கச்சி, எந்த நாட்டில் உட்கார்ந்து இதை எழுதுகிறாய்? பிறப்பால் படிப்புக்கு உரிமை, பிறப்பால் படிப்புக்குத் தடை என்பது நமக்குக் கற்பனை அன்று. ஏகலைவனின் கட்டைவிரலைக் கேட்டு வாங்கிய கதையை இன்னும் சொல்லிக்கொண்டிருக்கிறோம். ரோலிங்கின் கதையில் தூய இரத்தம் பேசுகிறவர்கள் வில்லன் கூட்டம். அந்தக் கூற்றுதான் அங்கே சண்டையே. உன்னிடம் அது பள்ளியின் விதியாக அமைதியாகப் படுத்திருக்கிறது. ஒன்று அதை எடுத்துவிடு. எடுக்க மனமில்லை என்றால் அதையே கதையாக்கு: ரேகையைச் சரிபார்க்கும் அலுவலகம் எங்கே இருக்கிறது, சான்றிதழில் யார் கையெழுத்துப் போடுகிறார், ரேகை இல்லாத பிள்ளைக்குச் சுவருக்கு வெளியே நின்றே வித்தை வந்துவிட்டால் கழகம் என்ன செய்யும்? நடுவில் நிற்காதே. தமிழ் வாசகர் இந்த இடத்தில் சும்மா போகமாட்டார், போகவும் கூடாது.

லெ குவினுக்கும் இப்படி ஒன்று நேர்ந்தது. ரோக் பள்ளியில் பெண்களுக்கு இடமில்லை. 1968இல் எழுதும்போது அது அவருக்குப் பெரிதாகப் படவில்லை. மந்திரவாதி என்றால் ஆண் என்பது பழைய வழக்கம். பிறகு அவர் சும்மா இருக்கவில்லை. 1990இல் 'தெஹானு' எழுதினார். 2001இல் வந்த எர்த்ஸீ கதைத் தொகுப்பில் ரோக் பள்ளியைத் தொடங்கியவர்களில் பெண்கள் இருந்தார்கள், பின்னால்தான் அவர்களுக்குக் கதவு சாத்தப்பட்டது என்று தம் பள்ளியின் வரலாற்றையே திறந்து திருத்தி எழுதினார். முப்பது ஆண்டுக்கு மேல் கழித்துத் தம் கற்பனைப் பள்ளியின் சேர்க்கைப் பதிவேட்டைத் தாமே தணிக்கை செய்தவர் அவர். டெர்ரி பிராட்செட் 1987இல் 'ஈக்வல் ரைட்ஸ்' நாவலில் வேறு வழி பிடித்தார். மந்திரக்கோல் வாய்த்த சிறுமி எஸ்க்கைப் பல்கலைக்கழகம் பெண் என்று சேர்க்க மறுக்கிறது. அவள் கூட்டிப் பெருக்கும் வேலைக்காரியாகப் பின்வாசல் வழியே நுழைகிறாள், மந்திரக்கோலைத் துடைப்பமாக வேடம் போடவைத்துக்கொண்டு. விரிவுரை நடக்கும்போது அவள் பெருக்கிக்கொண்டிருக்கிறாள். படித்துச் சிரித்தேன், பிறகு சிரிப்பு நின்றுவிட்டது.

உன் நாயகிக்கு ஏன் பச்சைக் கண் என்றும் ஒரு வார்த்தை கேட்டுவைக்கிறேன். லெ குவினின் கெட் செம்மண் நிறத்தவன், அவன் நண்பன் கறுப்பன். அட்டைப்படக்காரர்கள் வெளுக்க வெளுக்க அவர் ஆட்சேபித்துக்கொண்டே இருந்தார். நீயோ அட்டைப்படக்காரருக்கு வேலையே வைக்கவில்லை.

சின்னச் சின்னத் திருத்தங்களை ஓரத்தில் பென்சிலால் குறித்திருக்கிறேன். மந்திரங்களையெல்லாம் சமஸ்கிருதம் மாதிரி ஒலிக்கிற அரைகுறைச் சொற்களால் நிரப்ப வேண்டாம். மந்திரம் வாயில் வந்தால் போதும், தாளில் வர வேண்டியதில்லை. பின்னிணைப்பாக மாயச் சக்திகளின் தரவரிசை அட்டவணை போட்டிருக்கிறாய், அது விளையாட்டுக் கம்பெனிக்கு ஆகும், நாவலுக்கு ஆகாது. கழகத்துக்குப் பணம் எங்கிருந்து வருகிறது என்பதைப் பற்றி ஒரு பத்தியாவது வேண்டும். டயானா வின் ஜோன்ஸ் 2000இல் எழுதிய 'இயர் ஆஃப் த கிரிஃபின்' நாவலில் மந்திரப் பல்கலைக்கழகம் பணமில்லாமல் தள்ளாடுகிறது. நன்கொடை கேட்டுப் பெற்றோருக்குக் கடிதம் போகிறது, வம்பெல்லாம் அதிலிருந்து கிளம்புகிறது. நன்கொடை பற்றி நம்மவர்களுக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை.

இப்போதைக்கு ஒரே ஒரு வேலை செய். மூன்றாம் அத்தியாயத்தைத் தூக்கிப் போட்டுவிட்டு அந்த இடத்தில் முட்டி வகுப்பு ஒன்றை எழுது. ஆசான் கையை மூடிக்கொண்டு வகுப்புக்குள் வருகிறார். உள்ளே என்ன என்று ஒவ்வொருவராகச் சொல்ல வேண்டும். ஒருவன் மோதிரம் என்கிறான், ஒருத்தி மிட்டாய் என்கிறாள், விடுதிக் கட்டணம் பாக்கி வைத்திருப்பவன் ஐந்நூறு ரூபாய் நோட்டு என்கிறான். ஆளாளுக்குத் தன் மனதில் இருப்பதைத்தான் அந்தக் கைக்குள் பார்க்கிறார்கள். உன் நாயகி என்ன சொல்கிறாள், தவறாகச் சொல்லிவிட்டு எப்படி உட்கார்கிறாள், மறுநாள் என்ன மாற்றிச் செய்கிறாள் என்பதை மட்டும் எழுது. நெருப்பு வேண்டாம், கோல் வேண்டாம். கைக்குள் உண்மையில் என்ன இருந்தது என்று எழுதத் தொடங்கும் முன்பே நீ முடிவு செய்துகொண்டிருக்க வேண்டும். வாசகருக்கு அதைச் சொல்வதும் சொல்லாததும் உன் இஷ்டம். பத்துப் பக்கத்துக்கு மேல் போகாதே. வரிகளுக்கு நடுவே நல்ல இடைவெளி விட்டு அச்செடுத்து அனுப்பு. திரையில் படித்தால் என் கண் வலிக்கிறது.

அன்புடன்,
உன் அண்ணன்